மார்கழியில் கல்யாணம் இல்லை

யாராவது "என்ன தொழில் பண்றீங்க?" என்று கேட்டால், கேட்கிற ஆளைப் பார்த்துத்தான் பதில் சொல்வேன். வங்கியில் என்றால் வீடியோ ஸ்டூடியோ வைத்திருக்கிறேன். வனத்துறைச் சோதனைச்சாவடியில் என்றால் ஆவணப்பட இயக்குநர். மாமியார் ஊரில் எனக்கு வாய் திறக்கவே வேலை இருக்காது. அவரே முந்திக்கொண்டு, "கல்யாணம் காட்சிக்கு வீடியோ எடுக்குறாரு, வேலை இல்லாத மாசத்துல குருவி எடுப்பாரு" என்று முடித்துவிடுவார். மூன்றில் அவர் சொல்வதுதான் உண்மைக்குக் கிட்டத்தில் இருக்கிறது.

இருபது வருஷத்துக்கு மேலாக இயற்கை ஆவணப்படங்கள் எடுத்துக்கொண்டிருக்கிறேன். எந்தச் சேனலிலும் சம்பளத்துக்கு இல்லை. பள்ளிக்கூடங்களுக்காக எடுத்த பத்து நிமிடப் படங்களையும் சேர்த்தால் இதுவரை பதினொன்று. போட்ட காசு திரும்பி வந்தது இரண்டில். மிச்ச ஒன்பதுக்கும் பணம் போட்ட தயாரிப்பாளர்கள் தை மாதத்து மாப்பிள்ளைகள். அவர்களுக்கு அது தெரியாது.

இந்தத் தொழிலில் இறங்க நினைக்கிற பையன்கள் கேமராவைப் பற்றித்தான் முதலில் கேட்பார்கள். நான் பஞ்சாங்கத்தைப் பற்றிச் சொல்வேன். மார்கழியில் கல்யாணம் கிடையாது. வலசைப் பறவைகள் எங்கள் பக்கத்துச் சதுப்பில் நிறைந்து கிடப்பதும் அந்தச் சமயத்தில்தான். ஆடியிலும் கல்யாணம் கிடையாது. அந்த மாதம் அறைக்குள் உட்கார்ந்து எடிட் பண்ணலாம். தை பிறந்ததும் கேமராவைத் துடைத்து எடுத்துக்கொண்டு மண்டபத்துக்குப் போய்விட வேண்டும். மற்றவர்களுக்கு மார்கழி என்றால் கோலமும் கச்சேரியும். எனக்கு அது முப்பது நாள் படப்பிடிப்பு.

சொந்த ஊர் வேதாரண்யம் பக்கம். அங்கிருந்து தெற்கே போனால் அகஸ்தியம்பள்ளி, கோடியக்காடு, கோடியக்கரை; அதற்கு அப்பால் கடல். வெளிமான்களுக்காக 1967ல் சரணாலயம் ஆன இடம் அது. 2002ல் ராம்சார் பட்டியலிலும், அதாவது உலக முக்கியத்துவம் உள்ள ஈரநிலங்களின் பட்டியலிலும், சேர்ந்தது. மானைப் பார்க்க வருகிறவர்கள் மானைப் பார்த்துவிட்டு, ராமர் பாதத்தில் ஏறி நின்று போட்டோ எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள். எங்களுக்கு அந்தக் காடு என்றால் பாலப்பழம். கோடையில் மஞ்சளாகப் பழுத்துக் கிடக்கும். பத்துப் பழம் தின்றால் பால் பிடித்து உதடு இரண்டும் ஒட்டிக்கொள்ளும், பேச வராது. பள்ளிக்கூடத்துக்குப் போகாமல் காட்டுக்குப் போனவன் யார் என்பதை வாத்தியார் அதை வைத்தே கண்டுபிடிப்பார்.

காட்டுக்கு மேற்கே சதுப்பும் உப்பளங்களும். பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழகத்தார் பறவைகளுக்கு வளையம் போட அங்கே வருவார்கள். நான் ஆறாவதோ ஏழாவதோ படிக்கும்போது, வேடிக்கை பார்க்க நின்ற எங்களில் ஒருவனைக் கூப்பிட்டுக் கையில் ஒரு பறவையைக் கொடுத்தார் அங்கிருந்த ஒருவர். கூப்பிட்டது என்னை. கொசு உள்ளான். எடை முப்பது கிராம்கூட இருக்காது. உள்ளங்கையில் அதன் இதயம் அடித்தது, துடிப்பு தனித்தனியாகத் தெரியாத வேகத்தில். "இது எங்கேருந்து வருது தெரியுமா? ரஷ்யாவுக்கு மேலே, பனிக் கடலோரத்திலிருந்து" என்றார். நான் நம்பவில்லை. ஊரில் உள்ளானைக் கண்ணி வைத்துப் பிடித்து வறுத்துத் தின்பவர்களை எனக்குத் தெரியும். ரஷ்யாவிலிருந்து வந்ததையா இவர்கள் தின்கிறார்கள் என்றுதான் அன்றைக்குத் தோன்றியது.

விலங்கியல் படித்தேன். படித்ததும் சென்னைக்கு வந்து ஒரு கல்யாண வீடியோக்காரரிடம் லைட் பிடித்தேன். 2004 வாக்கில் தமிழ்நாட்டுக் கல்யாண மண்டபங்களை ஆண்டது சோனி பிடி 170 கேமரா. நானும் கடன் வாங்கி ஒன்று வாங்கினேன், பழையதாக. மணவறைக்கு அது அருமையான கேமரா. பறவைக்கு ஆகாது. லென்ஸைக் கழற்றி மாற்ற முடியாது. முழு ஜூம் போட்டாலும் பூநாரைக் கூட்டம் தூரத்தில் ரோஜாப்பூ மாலை மாதிரி ஒரு கோடாகத்தான் தெரியும். என் முதல் படத்தில் பறவைகளை விட வானம் அதிகம். "நல்லா இருக்கு, கவிதை மாதிரி இருக்கு" என்று நண்பர்கள் சொன்னார்கள். ஜூம் பத்தாததுதான் அந்தக் கவிதை.

அந்தக் காலத்தில் எனக்குத் தெரிந்து இந்தத் தொழிலைச் சென்னையில் இருந்துகொண்டே செய்து காட்டியவர் சேகர் தத்தாத்ரி. பதின்மூன்று வயதில் கிண்டிப் பாம்புப் பண்ணையில் தன்னார்வலராகச் சேர்ந்தவர். எண்பதுகளின் பின்பாதியில் இருளர்களின் பாம்புபிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் பற்றிய படத்தில் வேலை செய்து இந்தத் துறைக்குள் வந்தார். 1978ல் தொடங்கிய சங்கம் அது. பாம்புத் தோல் வியாபாரம் தடை செய்யப்பட்டதும் பிழைப்புப் போன இருளர்கள், பாம்பைப் பிடித்து விஷத்தை மட்டும் எடுத்துவிட்டுத் திரும்பக் கொண்டுபோய் விடுகிற ஏற்பாடு. 1991ல் கேரளத்து மழைக்காட்டைப் பற்றி அவர் எடுத்த அமைதிப் பள்ளத்தாக்குப் படத்தை நான் வெகுநாள் கழித்து ஒரு கல்லூரி அரங்கில், மங்கலான புரொஜெக்டரில் பார்த்தேன். அதெல்லாம் 16 எம்.எம். ஃபிலிம் காலம். நானூறு அடிச் சுருள் ஒன்று பதினோரு நிமிடத்தில் தீர்ந்துபோகும். சுருளுக்குக் காசு, கழுவக் காசு. எடுத்தது சரியாக வந்திருக்கிறதா என்று லேபிலிருந்து வந்தால்தான் தெரியும். குரங்கு கிளைக்கு வருமுன் பட்டனை அழுத்தினால் ஃபிலிம் வீண். வந்தபின் அழுத்தினால் குரங்கு போய்விட்டிருக்கும். நாங்கள் மெமரி கார்டில் மணிக்கணக்காக ஓடவிட்டு வளர்ந்தவர்கள். அந்தச் சிக்கனம் எங்கள் கைக்கு வரவே இல்லை.

படங்களை விட, 2000ம் ஆண்டை ஒட்டி அவர் செய்த காரியம்தான் என்னை அதிகம் யோசிக்க வைத்தது. வெளிநாட்டுச் சேனல்களுக்குப் படம் செய்து நல்ல பெயரும் வருமானமும் இருந்த நேரத்தில் அதைக் குறைத்துக்கொண்டு, பாதுகாப்புக்காக மட்டும் படம் எடுக்கத் திரும்பினார். 2001ல் குதிரேமுக் சுரங்கம் பற்றி ஒரு குறும்படம். கர்நாடகத்தில் தேசியப் பூங்காவின் மலையைக் குடைந்து இரும்புத் தாது எடுத்துக்கொண்டிருந்தார்கள். வண்டல் பத்ரா ஆற்றில் இறங்கியது. வழக்கு உச்ச நீதிமன்றத்தில் இருந்தது. 2002ல் தீர்ப்பு வந்தது, 2005 முடிவோடு சுரங்கம் நின்றது. படம்தான் சுரங்கத்தை நிறுத்தியது என்று மேடைகளில் சிலர் சொல்லக் கேட்டிருக்கிறேன். அது வழக்கு நடத்தியவர்களுக்குச் செய்கிற அநியாயம். ஆனால் அந்தப் படம் யாருக்காக எடுக்கப்பட்டது என்பதை யோசியுங்கள். கோடி பேருக்காக இல்லை. முடிவெடுக்கும் இடத்தில் உட்கார்ந்திருந்த சிலருக்காக. அதே சமயத்தில் மைக் பாண்டே என்கிற இன்னொரு ஆவணப்பட இயக்குநர் குஜராத் கடற்கரையில் திமிங்கலச் சுறா வேட்டையைப் படமாக்கினார். 2001ல் அந்தச் சுறா வனஉயிரினப் பாதுகாப்புச் சட்டத்தில் உச்சபட்சப் பாதுகாப்புத் தருகிற முதல் அட்டவணைக்குப் போனது. இந்த இரண்டையும் படித்துவிட்டு நானும் ஒரு முடிவு எடுத்தேன். யார் பார்க்க வேண்டும் என்று தெரிந்துகொண்டு படம் எடுப்பது. எடுத்த முடிவைப் பத்து வருஷம் மறந்தும் போனேன். அதைத்தான் சொல்ல வருகிறேன்.

முதலில் வேலை எப்படி என்று சொல்லிவிடுகிறேன். அதைச் சொல்லாமல் தாண்ட மனசு வரவில்லை.

உப்பளப் பக்கம் படம் எடுப்பவனுக்குக் கிடைக்கிற நேரம் விடிந்ததிலிருந்து ஒன்பது மணி வரை. அதன்பிறகு தரை சூடாகிக் கானல் எழும். கண்ணுக்குத் தெரியாத அளவு கானல்கூட நீண்ட லென்ஸில் தெரியும். பூநாரையின் கால்கள் கொதிக்கிற தண்ணீரில் நிற்பது மாதிரி நெளியும். எவ்வளவு விலை உயர்ந்த லென்ஸும் அதற்கு மருந்தில்லை. ஆகவே நாலு மணிக்கே போய்க் கீற்று மறைப்புக்குள் உட்கார்ந்துவிட வேண்டும். இருட்டில் வந்து உட்கார்ந்தவனைப் பறவை கண்டுகொள்ளாது. வெளிச்சம் வந்தபிறகு போனால் அரைமணி நேரத்துக்கு அந்தப் பாத்தியே காலி. காற்று முக்காலியை ஆட்டாமல் இருக்க எடை தொங்கவிட வேண்டும். மணல் மூட்டை எதற்கு, அங்கேயே உப்பு கிடக்கிறது. ஐந்து கிலோ உப்பைப் பையில் கட்டித் தொங்கவிடுவேன். அதே உப்புதான் காற்றோடு வந்து கேமராவின் திருகாணியை எல்லாம் தின்றது. என் முதல் முக்காலி நாலு மார்கழி தாங்கியது.

அனுமதி வேறு ஒரு வேலை. சரணாலயத்துக்குள் படம் எடுக்கத் தலைமை வனஉயிரினக் காப்பாளரின் அனுமதி வேண்டும், மாதங்களுக்கு முன்பே விண்ணப்பிக்க வேண்டும். ஒரு வருஷம் டிசம்பருக்குப் பதில் நவம்பர் என்று நானே தேதியைத் தப்பாக எழுதிக் கொடுத்துவிட்டேன். அனுமதி சரியாக வந்தது, நவம்பருக்கு. நவம்பரில் எனக்கு ஏழு கல்யாணம் ஒத்துக்கொண்டிருந்தது, அது போக விடாத மழை. ஒரு மார்கழி போயிற்று.

ஒலியைப் பற்றிச் சொன்னால் சிலருக்கு வருத்தமாக இருக்கும். முந்நூறு மீட்டர் தள்ளி நிற்கிற பறவையை லென்ஸ் கிட்டத்தில் கொண்டுவரும், மைக் கொண்டுவராது. அதனால் இயற்கைப் படங்களில் நீங்கள் கேட்கிற காலடிச் சத்தம், தண்ணீர்ச் சத்தம் எல்லாம் பெரும்பாலும் பிறகு சேர்த்தவை. உலகம் முழுக்க அப்படித்தான். பூநாரை ஒரே இடத்தில் நின்று காலால் சேற்றை மிதித்துக் கலக்கும், அப்புறம் தலையைக் கவிழ்த்து வைத்து அலகால் சலித்துத் தின்னும். என் படத்தில் அந்த மிதிக்கிற சத்தம், எங்கள் வீட்டு அன்னக்கூடையில் களிமண்ணைக் கரைத்து நான் இரண்டு கையாலும் பிசைந்தது. மனைவி அப்புறம் அந்த அன்னக்கூடையில் சோறு வடிக்கவே மாட்டேன் என்றுவிட்டாள். இது பொய்யா என்று கேட்டால், பொய்தான். ஆனால் பொய்யிலும் அளவு உண்டு. 1958ல் வந்த ஒரு டிஸ்னி படத்துக்காக லெம்மிங் என்கிற எலி மாதிரிப் பிராணிகளைப் பிடித்து வந்து பள்ளத்தில் தள்ளி, அவை கூட்டமாகத் தற்கொலை செய்துகொள்வதாகக் காட்டினார்கள். உலகம் இன்னும் அதை நம்புகிறது. அன்னக்கூடையிலிருந்து அந்த எலிகளுக்கு எவ்வளவு தூரம் என்று அவ்வப்போது அளந்து பார்த்துக்கொள்வேன். இரண்டு வெவ்வேறு வெளிமான் கிடாக்களை வெட்டி ஒட்டி ஒரே 'கதாநாயகன்' ஆக்கியிருக்கிறேன். அதைக் கொஞ்சம் பக்கம் என்றுதான் சொல்ல வேண்டும்.

2017ல் பானசோனிக் ஜிஎச்5 வாங்கினேன். கல்யாணத்துக்கென்று சொல்லி வாங்கியது. அதன் சென்சார் சிறியது, நானூறு எம்.எம். லென்ஸ் அதில் எண்ணூறு மாதிரி வேலை செய்யும். வாழ்க்கையில் முதல்முறையாகப் பூநாரையின் கண் மஞ்சள் என்று என் படத்தில் தெரிந்தது. அதற்கு முன்னும் பின்னுமாக நாலு மார்கழிகளில் எடுத்ததைச் சேர்த்து நாற்பத்தைந்து நிமிடப் படம் ஒன்று செய்தேன். கோடியக்கரையின் ஒரு வருஷம். என் வேலைகளில் கண்ணுக்கு அழகானது அதுதான்.

வெளிநாட்டுச் சேனல் ஒன்றில் வாங்குகிற பொறுப்பில் இருந்தவருக்கு அனுப்பினேன். மரியாதையாகப் பதில் போட்டார்: ஒளிப்பதிவு நன்றாக இருக்கிறது, ஆனால் இந்தக் கதையில் வில்லன் யார்? வெளிமானைத் துரத்த அங்கே புலியோ சிறுத்தையோ இல்லை. நரி உண்டு, குட்டிகளைத் தூக்கும். நரியை வில்லனாக்கி ஐந்து நிமிடம் கூட்டி அனுப்பினேன். இதை எழுதும்போது கூச்சமாகத்தான் இருக்கிறது. அப்போது கூச்சமே வரவில்லை. வாங்கவில்லை.

வாங்காத படத்தைப் பூட்டி வைப்பானேன் என்று, 2018 பங்குனியில், ஊரில் பள்ளிக்கூட மைதானத்தில் திரை கட்டிப் போட்டேன். இருநூறு பேர் இருக்கும். பூநாரை சேறு மிதிக்கிற இடத்தில் பிள்ளைகள் எழுந்து நின்று அதே மாதிரி மிதித்தார்கள். மான் சண்டைக்கு விசில். நரி வந்தபோது பின்னாலிருந்து ஒருவர், "நம்ம நரிக்கு என்னாத்துக்குடா இவ்வளவு மியூசிக்?" என்றார். எல்லாரும் சிரித்தார்கள். நானும்.

முடிந்ததும் சின்னம்மா வந்தார். அம்மாவின் தங்கை. முப்பது வருஷமாக உப்பளத்தில் கூடை சுமந்தவர். உப்பு வெயிலில் பார்வை மங்கிக் கண்ணாடி போட்டிருந்தார். "நல்லா இருந்திச்சு சாமி. அந்தக் கிழக்குப் பாத்திதானே அது, நாங்க வேலை செஞ்ச எடம்? எங்கள ஒரு எடத்துலயும் காணுமே" என்றார். குறையாகச் சொல்லவில்லை. தெரியாமல் கேட்டார். பக்கத்தில் நின்ற இன்னொரு அக்கா, "இவந்தானே கைய காட்டிப் போவச் சொன்னான். நாம ஒதுங்கிட்டோம்ல" என்று எனக்காகப் பதிலும் சொன்னார்.

அது உண்மை. நாற்பத்தைந்து நிமிடத்தில் ஒரு மனிதர் இல்லை. மின்கம்பி தெரியாத கோணம், கீற்று போட்டு மூடிய உப்பு அம்பாரம் தெரியாத கோணம், லாரி போகிற தூசி அடங்கும் வரை காத்திருப்பு. காலையில் ஆறரைக்கு உப்பு வாரப் பெண்கள் வரிசையாக வருவார்கள். நான் மறைப்பிலிருந்து கையை மட்டும் நீட்டிச் சாடை காட்டுவேன். அவர்கள் கூடையைச் சும்மாட்டோடு பிடித்துக்கொண்டு வரப்பை மாற்றிச் சுற்றிப் போவார்கள். கூலி நேரத்தில். பறவைகள் அவர்களுக்குப் பயந்து ஒருநாளும் பறந்ததில்லை. இத்தனைக்கும் அந்த ஆழத்துக்கு அந்தத் தண்ணீரைப் பாத்தியில் தேக்கி வைத்ததே அவர்களும் அவர்கள் வீட்டு ஆண்களும்தான். என் வர்ணனையில் 'மனிதன் தீண்டாத' என்று ஒரு வரி இருந்தது. உப்பளத்தைக் காட்டிக்கொண்டே சொன்ன வரி. அதை எழுதியவன் அந்த உப்பு விற்ற காசில் வாங்கிக்கொடுத்த முறுக்கைத் தின்று வளர்ந்தவன்.

அன்றைக்கு ராத்திரி தத்தாத்ரியின் ஆரம்பகாலத்து இருளர் படம் ஞாபகம் வந்தது. பாம்பும் பாம்பு பிடிப்பவரும் ஒன்றாக இருந்த கதை. அங்கிருந்துதான் இந்தத் தொழில் நம் பக்கத்தில் தொடங்கியது என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தேன், பார்த்ததைக் கையில் எடுத்துக்கொள்ளவில்லை.

அந்த வருஷம் நவம்பர் 16, விடியும் முன் கஜா புயல் வந்தது. அதைப் பற்றி நிறையப் பேர் எழுதிவிட்டார்கள். கல்யாணத்துக்கு வாங்கியிருந்த ஜெனரேட்டரை ஏற்றிக்கொண்டு ஊருக்குப் போனேன். போன் சார்ஜ் போட நாலு தெரு ஜனம் வரிசையில் நின்றது. காட்டில் பாலை மரங்கள் வேரோடு சாய்ந்து கிடந்தன. மான்கள், குதிரைகள் செத்துக் கிடந்தன. படம் எடுக்கவில்லை. எடுத்திருக்க வேண்டும் என்று இப்போது தோன்றுகிறது. அப்போது கை வரவில்லை.

சில மாதம் கழித்து உள்ளூர் ஆசிரியர் ஒருவர், புயலுக்கு முந்தைய ஊர் எப்படி இருந்தது என்று பிள்ளைகளுக்குக் காட்ட ஏதாவது கொடுங்கள் என்று கேட்டார். ஹார்டு டிஸ்க்குகளைத் தேடினேன். எல்லாவற்றுக்கும் மூன்று பிரதி வைத்திருக்க வேண்டும். நான் இரண்டுதான் வைப்பேன், அதில் ஒன்று எப்போதும் எந்த டிராயரில் என்று தெரியாது. ஒருவழியாகப் பழைய பதிவுகளைத் திறந்தேன், எடிட் பண்ணாதவற்றை.

நீண்ட லென்ஸ்காரர்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. சட்டகம் காலியாகும் வரை காத்திருந்து பட்டனை அழுத்த மாட்டோம். முன்னாலேயே ஓடவிட்டுவிடுவோம், எடிட்டில் வெட்டிக்கொள்ளலாம் என்று. அதனால் காலை நேரத்து ஷாட்டுகளின் தொடக்கத்தில் எல்லாம் எட்டு வினாடி, பன்னிரண்டு வினாடி, பெண்கள் நடந்து போய்க்கொண்டிருந்தார்கள். இடமிருந்து வலம். பனிக்குள், கூடையோடு, பின்னால் பூநாரைகள் அசையாமல். ஒருத்தி திரும்பி என் பக்கம் பார்த்துப் பல் தெரியச் சிரிக்கிறாள். இன்னொருத்தி, என் சாடையைப் பார்த்துவிட்டு, முன்னால் போகிறவளின் முதுகில் தட்டி வேகமாகப் போகச் சொல்கிறாள். எண்ணிப் பார்த்தேன். அப்படி நாற்பத்தேழு துண்டுகள். எல்லாம் நான் வெட்டி எறிந்தவை.

இப்போது அந்தத் துண்டுகளிலிருந்துதான் ஒரு படம் செய்துகொண்டிருக்கிறேன். உப்பளப் பெண்களை உட்கார வைத்துப் பேசவும் வைத்தாகிவிட்டது. எந்தப் பறவை எந்த மாதம் எந்தப் பாத்திக்கு வரும், எப்போதிலிருந்து குறைந்தது என்று அவர்களுக்குத் தெரிந்ததில் பாதிகூட என் நோட்டில் இல்லை. இந்தப் படத்துக்கு வில்லன் கேட்பவர் யாரிடமும் அனுப்பப் போவதில்லை. 2023ல் முதுமலை யானைப் படம் ஆஸ்கர் வாங்கியதிலிருந்து சொந்தக்காரர்கள் போன் செய்தால் "உனக்கு எப்போ?" என்கிறார்கள். மார்கழி முடியட்டும் என்கிறேன்.

போன வாரம் லேப்டாப்பை எடுத்துக்கொண்டு சின்னம்மா வீட்டுக்குப் போனேன். அந்த நாற்பத்தேழையும் வரிசையாக ஓடவிட்டேன். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு திரையை மூக்குக்கு எட்டும் தூரத்தில் வைத்துப் பார்த்தார். யார் யார் என்று நடையை வைத்தே பெயர் சொன்னார். இருபத்தியெட்டாவதோ முப்பதாவதோ துண்டில் நிறுத்தச் சொன்னார். பச்சைச் சேலை, சிவப்புச் சும்மாடு, முகம் பாதி பனியில்.

"இது நாந்தான். பாரு, அந்தப் பச்சைச் சேலை. தவணைக்காரன்கிட்ட வாங்குனது. ரெண்டு தவணை கட்டவே இல்ல, புயல் வந்துருச்சு. அவனும் அப்புறம் வரல." கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே இருந்தார். "இத வெளில போட்டுறாத சாமி, பார்த்துட்டு வந்து கேப்பான்."